கூடைக்காரம்மாவுக்கு இரண்டு பெண்கள்

மேனாம்பேடு,
அம்பத்தூர்.
11-8-1991

அன்புத் தங்கை வசந்தகுமாரிக்கு,

அக்கா நாகம்மா ஆசீர்வாதத்தோடு எழுதுவது. அம்மாவின் முட்டி வலியைத் தவிர இங்கே எல்லோரும் சுகம். ஜபல்பூரில் நீயும் மாப்பிள்ளை லட்சுமணனும் சுகமாக இருக்க வேண்டும். அவருக்கு ஷிப்ட் மாறிவிட்டதா? குளிர் வருவதற்குள் கனமாக ஒரு கம்பளி வாங்கிக்கொள். போன வருஷம் போல இருமிக்கொண்டு கிடக்காதே.

உன் பார்சல் வந்து சேர்ந்தது. கையில் வாங்கியதும் புடவை என்று நினைத்துவிட்டேன். பிரித்தால் நாற்பது பக்க நோட்டு. உங்கள் ஊர்த் தமிழ்ச் சங்கத்தில் பொங்கலுக்கு நீ எழுதிப் போட்ட நாடகமாம், முதல் பரிசாம். கூடவே நீ கேடயம் வாங்குகிற போட்டோ. அம்மா அதைத் தூக்கிக்கொண்டு தெருவில் ஒரு வீடு விடவில்லை. எழுதப் படிக்கத் தெரியாதவள், போட்டோவின் பின்பக்கம் நீ எழுதிய தேதியைக்கூடத் திருப்பித் திருப்பிக் காட்டினாள். இப்போது அது கண்ணாடி போட்டு அப்பா படத்துக்குப் பக்கத்தில் தொங்குகிறது. ஆணி அடித்தது உன் மாமா. ஆறு வருஷமாகத் தினமும் அம்மா முட்டிக்கு எண்ணெய் தேய்க்கிறவள் போட்டோ இந்த வீட்டில் எங்கே இருக்கிறது என்று அவரைக் கேட்டேன். உன் பஸ் பாஸில் இருக்கிறதே என்றார்.

நோட்டை அன்றைக்கே அம்மாவுக்குச் சத்தமாகப் படித்துக் காட்டினேன். நன்றாக இருக்கிறது. இதை எழுதும்போதே எனக்குக் கை வலிக்கிறது, ஆனாலும் நன்றாகத்தான் இருக்கிறது. நாற்று நட்டுக்கொண்டிருந்த ஒரு பொம்பளை, வயலெல்லாம் கம்பெனியாகிப் போனதும் அந்தக் கம்பெனிகளுக்கே சோறு தூக்குகிறாள். தினமும் பதினொரு மணிக்கு இருபத்திரண்டு வீடு ஏறி இறங்கி, கேரியர்களை வாங்கிக் கூடையில் அடுக்கி, தலையில் சும்மாடு வைத்து, இண்டஸ்ட்ரியல் எஸ்டேட் வரைக்கும் நடக்கிறாள். எந்த வீட்டில் சண்டை, எந்த வீட்டில் விருந்தாளி என்று கேரியரைக் கையில் வாங்கும்போதே அவளுக்குத் தெரிந்துவிடுகிறது. பொன்னியம்மா என்று அம்மாவின் பெயரைப் போடாமல் கூடைக்காரம்மா என்று போட்டிருக்கிறாய், அது ஒன்றுதான் வித்தியாசம். நான் படிக்கப் படிக்க அம்மா ஆமாம் ஆமாம் என்று தலையாட்டிக்கொண்டே இருந்தாள். நான் பேசினால் அவள் இப்படித் தலையாட்டி நான் பார்த்ததில்லை.

எழுபத்தெட்டில் போல்ட் கம்பெனி மூன்று மாதம் லாக்கவுட் ஆன கதையைப் படிக்கும்போது நானே ஒரு தடவை நோட்டை மூடி வைத்தேன். ஆம்பிளைகள் கேட்டுக்கு எதிரே பந்தல் போட்டு உட்கார்ந்துவிட்டார்கள், நம் அப்பாவும் சேர்த்து. இரண்டாவது மாதம் பாதி வீட்டில் அடுப்பு எரியவில்லை. ஆனால் கேரியர் வராமல் போனால் அந்த வீட்டில் உலை வைக்கவில்லை என்று பந்தலில் நாலு பேருக்குத் தெரிந்துபோகும். அந்த மானத்துக்காகப் பெண்கள் காலிக் கேரியரைக் கழுவித் துடைத்து மூடிக் கொடுத்தார்கள். அம்மா ஒரு வார்த்தை கேட்காமல் வாங்கிக் கூடையில் வைத்தாள். வழியில் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் கூடையை இறக்கினாள். அரிசி மில்லைப் பெருக்கிக்கொடுத்து வாங்கிய நொய்யில் காய்ச்சிய கஞ்சி, காலிக் கேரியருக்கு ஒரு கரண்டி. ஆம்பிளைகள் பெண்டாட்டி அனுப்பியது என்று நினைத்துச் சாப்பிட்டார்கள். வீட்டுக்கு வந்து கஞ்சி நன்றாக இருந்தது என்று அவர்கள் சொன்னபோது பெண்டாட்டிகள் யாரும் வாயைத் திறக்கவில்லை.

அந்தக் கஞ்சித் தூக்கைச் சுமந்துகொண்டு அம்மா கூடவே நடந்த சின்னப் பெண் நீ. அதுவும் உண்மைதான். நாலாம் வகுப்புக்கு மூன்று மாதம் மட்டம் போட்டுவிட்டுப் போனாய்.

ஆனால் வசந்தா, கூடைக்காரம்மாவுக்கு இரண்டு பெண்கள். நாற்பது பக்கத்தில் மூத்தவளுக்கு ஒரு வரி கிடையாது. இரண்டாம் காட்சியில் தெருநாய் குரைக்கிறது என்று எழுதியிருக்கிறாய். குரைப்பதற்காவது என்னைக் கூப்பிட்டிருக்கலாம். நான் அப்போது ஒன்பதாம் வகுப்பு, பள்ளிக்கூடம் இருந்தது, அதனால் கூட வரவில்லை. அதற்காக நான் பிறக்கவே இல்லை என்று ஆகிவிடுமா? இன்னொன்று. எல்லம்மா அக்கா வீட்டுக் கேரியர் நாலு அடுக்கு. நீ மூன்று என்று எழுதியிருக்கிறாய். பரிசு கொடுத்தவர்களுக்கு இதெல்லாம் எங்கே தெரியப்போகிறது.

பொறாமையா என்று கேட்பாய். ஆமாம், பொறாமைதான். சின்ன வயதிலிருந்தே இருக்கிறது, புதிதாக ஒன்றும் இல்லை. எனக்குக் கோயில் வேண்டுதலுக்கு நாகம்மா, உனக்கு மட்டும் வசந்தகுமாரி. நான் பத்தாவதோடு மாத்திரைக் கம்பெனியில் அட்டை ஒட்டப் போனேன், நீ பிளஸ் டூ. அம்மாவும் என் வீட்டில்தான் இருக்கிறாள், ஆனால் வாயைத் திறந்தால் சின்னது சின்னது என்று உன் பேச்சுதான்.

இன்னும் ஒரு சமாசாரம். உன் மாமா கம்பெனியில் டைம் கீப்பர் சண்முகசுந்தரம் அண்ணன் இருக்கிறாரே, வருஷா வருஷம் ஆயுத பூஜைக்கு எஸ்டேட்டில் மேடை கட்டி ராஜா வேஷம் போடுகிறவர், அவர் உன் நோட்டை வாங்கிப் படித்துவிட்டு இந்த வருஷம் இதுதான் நாடகம் என்று சொல்லிவிட்டார். அம்மா வேஷத்துக்கு யார் என்று கேட்டார். அவர் கேட்டு முடிப்பதற்குள் நான் என்றேன். அதனால் உன்னிடம் கேட்கிறேன். மூத்த பெண்ணுக்கு ஒரே ஒரு காட்சி எழுதி அனுப்பு. பெரிதாக வேண்டாம். நான் இருந்தேன் என்று தெரிந்தால் போதும்.

மாப்பிள்ளைக்கு என் விசாரிப்பைச் சொல். வேளைக்குச் சாப்பிடு.

உன் பதிலுக்குக் காத்திருக்கும்,
அக்கா நாகம்மா.


மேனாம்பேடு,
20-10-1991

தங்கை வசந்தகுமாரிக்கு,

அக்கா எழுதுவது. எல்லோரும் நலம். உன் கடிதம் ஆயுத பூஜைக்குப் பத்து நாள் முன்னாலேயே வந்துவிட்டது. நான் ஒரு காட்சி கேட்டதற்கு, அக்கா அதை அப்படியே விட்டுவிடு, என்று ஒரே வரியில் முடித்துவிட்டாய். கீழே அரைப்பக்கத்துக்கு ஜபல்பூரில் கொய்யா மலிவு என்று எழுதியிருந்தாய். சந்தோஷம்.

நாடகம் பிரமாதமாக நடந்தது. மெஷினுக்கெல்லாம் சந்தனம் குங்குமம் வைத்து, பொரி கடலை கொடுத்து முடிந்ததும் சாயங்காலம் ஆறு மணிக்கு ஆரம்பித்தோம். முந்நூறு பேருக்குக் குறையாது. இருபத்திரண்டு கேரியரையும் அதே பழைய வீடுகளில் கேட்டு வாங்கி வந்தேன். எல்லாவற்றிலும் பெயர் வெட்டியிருக்கும், உனக்குத்தான் தெரியுமே. அதிலிருந்த ஒரே நாலு அடுக்குக் கேரியரை மேடையில் திறந்து, காலி என்று பார்த்து, கரண்டிக் கஞ்சியை ஊற்றி மூடினேன். மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்த எல்லம்மா அக்கா எழுந்து, அது என் ஊட்டு கேரியரு என்று சத்தம் போட்டு அழுதுவிட்டாள். பதின்மூன்று வருஷம் யாரிடமும் சொல்லாததை முந்நூறு பேர் நடுவில் சொன்னாள். அதற்கப்புறம் அழாதவர்கள் இல்லை. உங்கள் ஜபல்பூரில் யாராவது எழுந்து நின்று அழுதார்களா?

மேடைக்காகச் சில இடத்தில் கொஞ்சம் மாற்ற வேண்டியிருந்தது. நீ வருத்தப்படுவதற்கு ஒன்றும் இல்லை.

முடிந்ததும் எல்லம்மா அக்கா என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். அவளுக்குக் கண்ணில் புரை விழுந்து முகம் சரியாகத் தெரிவதில்லை. அந்தக் கேரியரை என் கையிலேயே கொடுத்து, உனக்குத்தான், வெச்சிக்கோ என்றாள். வாங்கிக்கொண்டேன்.

அம்மா முன்வரிசையில் நாற்காலி போட்டுப் பார்த்தாள். என்ன சொன்னாள் என்று கேட்காதே. அவளுக்கு உடம்பு அலுப்பு, வந்ததும் படுத்துவிட்டாள்.

இப்படிக்கு,
நாகம்மா.


மேனாம்பேடு,
24-11-1991

என் அன்புத் தங்கை வசந்தாவுக்கு,

அக்கா எழுதுகிறேன். தீபாவளிக்கு நீ அனுப்பிய புடவை வந்தது. பச்சை எனக்குப் பிடிக்கும் என்று ஞாபகம் வைத்திருக்கிறாய். இன்னும் கட்டவில்லை. இந்தக் கடிதத்தை எழுதி முடித்த பிறகுதான் கட்டவேண்டும் என்று வைத்திருக்கிறேன். மூன்று தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். நீ படித்துவிட்டுக் கிழிக்காதே.

போன கடிதத்தில் கொஞ்சம் மாற்றினோம் என்று எழுதினேன். கொஞ்சம் இல்லை. உன்னை எடுத்துவிட்டேன்.

உன் ஒரு வரிப் பதில் வந்த அன்றைக்கு எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. நாடகத்திலும் இடம் கிடையாது, கேட்டாலும் கிடையாது. இவள் யார் எனக்கு இல்லை என்று சொல்ல என்று தோன்றிவிட்டது. சண்முகசுந்தரம் அண்ணனிடம் போய், கஞ்சித் தூக்கைச் சுமந்தது உண்மையில் மூத்த பெண்தான், என் தங்கை மறந்துபோய்த் தப்பாக எழுதிவிட்டாள் என்று சொன்னேன். அவர் நம்பிவிட்டார். அவருடைய மகளுக்குத் தாவணி கட்டி ரெட்டைப் பின்னல் போட்டுவிட்டோம். மேடையில் அவளை நான், வாடி நாகு, வெயில் ஏறுது, என்று கூப்பிட்டேன். என் பெயரை நானே அம்மா குரலில் கூப்பிட்டபோது எனக்கு எவ்வளவு சுகமாக இருந்தது தெரியுமா? அதை மறைக்க மாட்டேன். இருபத்தேழு வயதில் முதல் தடவையாக அம்மா என்னைக் கூட்டிக்கொண்டு போவது போல இருந்தது.

எல்லம்மா அக்கா அந்தக் கேரியரை எனக்குக் கொடுத்ததும் அதனால்தான். இவ்ளோ நாளா சின்னதுதான் கஞ்சி தூக்கிச்சின்னு நெனச்சிகினு இருந்தேன், நீயாம்மா அது, என்று கேட்டாள். நான் ஆமாம் என்றேன். உன் தாலி நூறு வருஷம் இருக்கணும் என்றாள். உனக்கு வரவேண்டிய வாழ்த்து, நான் வாங்கிக்கொண்டேன்.

அம்மா இருபது நாள் ஒன்றும் சொல்லவில்லை. தீபாவளிக்கு மறுநாள் காலையில் முட்டிக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தேன். இன்னாடி நாகு, நாடகத்துல சின்னதக் காணமே, எங்க போச்சு, என்று சாதாரணமாகக் கேட்டாள். மேடையில் ஆள் பற்றவில்லை என்றேன். அதற்கு, அந்தத் தாவணிப் பொண்ணு யாரு என்றாள். நான் முட்டியையே பார்த்துத் தேய்த்தேன். அவள் என் தலையைத் தடவிவிட்டு, நீ பொட்டிக்கடைக்குப் பின்னால நின்னுகினு இருந்தது எனுக்குத் தெரியாதுன்னா நெனச்சே, என்றாள்.

வசந்தா, இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. உன் மாமாவிடம்கூட இல்லை. மத்தியானம் மணி அடிக்கிற நேரமும் அம்மா கூடையோடு பள்ளிக்கூடத்து வழியாக வருகிற நேரமும் ஒன்று. என் கூடப் படித்த பெண்களுக்கு அப்பாக்கள் ஆபீசில் இருந்தார்கள். என் அம்மா கூடைக்காரி என்று அவர்களுக்குத் தெரியக்கூடாது. அதனால் தினமும் மாங்காய் வாங்குகிற சாக்கில் பெட்டிக்கடைக்குப் பின்னால் போய் நின்றுகொள்வேன். கூடை தாண்டிப் போனதும் வெளியே வருவேன். கஞ்சி ஊற்றிய மூன்று மாதமும் அப்படித்தான் நின்றேன். எனக்குப் பள்ளிக்கூடம் இருந்தது என்று உனக்கு எழுதினேனே, அது இதுதான்.

அம்மா அதோடு விடவில்லை. நீ கூச்சப்படுவியேன்னுதான் பள்ளிக்கூடத்தாண்ட வந்தா நாங்க ரோட்டத் தாண்டி அந்தப் பக்கமா போயிடுவோம். அங்க நிழலே கெடையாது, கால் சுடும். சின்னது அழுவும். அக்காவுக்கு வெக்கமா இருக்கும், வாடின்னு இட்டுகினு போவேன் என்றாள். எனக்குக் கையில் எண்ணெய் வழிந்தது. துடைக்கக்கூடத் தோன்றவில்லை. உனக்கு அப்போது ஒன்பது வயது. செருப்பு கிடையாது.

அம்மா தூங்கிய பிறகு உன் நோட்டை எடுத்துப் பார்த்தேன். மூன்றாம் காட்சியில், பள்ளிக்கூடம் வந்ததும் கூடைக்காரம்மாவும் சின்னப் பெண்ணும் சாலையைக் கடந்து வெயில் பக்கமாக நடக்கிறார்கள் என்று எழுதியிருக்கிறாய். எதற்கு என்று எழுதவில்லை. ஒத்திகையில் சண்முகசுந்தரம் அண்ணன் இதற்கு என்ன காரணம் என்று கேட்டபோது, காரணம் ஒன்றும் இல்லை, அந்த வரியை அடித்துவிடுங்கள் என்று சொன்னதே நான்தான்.

நீ என்னை மறந்துவிட்டாய் என்று நினைத்தேன். என்னை எழுதியிருந்தால் கடைக்குப் பின்னால் நிற்கிறவளாகத்தான் எழுதியிருக்க முடியும். அதனால்தான் எழுதவில்லை. அப்படியே விட்டுவிடு என்றதும் அதற்குத்தான். இது புரிந்தபோது எனக்கு வந்தது சந்தோஷம் இல்லை, கோபம்தான். இதிலும் நீயே நல்லவளாகிவிட்டாயே என்று. ஒன்பது வயதில் தெரிந்துகொண்டு இருபத்திரண்டு வயது வரைக்கும் ஒரு சண்டையில்கூட நீ அதைச் சொல்லிக்காட்டியதில்லை. நாம் போடாத சண்டையா? நானாக இருந்தால் முதல் சண்டையிலேயே சொல்லியிருப்பேன்.

போன ஞாயிற்றுக்கிழமை அந்தக் கேரியரை எடுத்துக்கொண்டு எல்லம்மா அக்கா வீட்டுக்குப் போனேன். உள்ளதைச் சொன்னேன். திட்டுவாள் என்று நினைத்தேன். திட்டவில்லை. கேரியரை வாங்கி உள்ளே வைத்துவிட்டு, சின்னது வந்தா அது கையில நானே குடுக்கறேன் என்றாள். எனக்கு முகம் சுண்டிப்போய்விட்டது. காபி கொடுத்தாள், குடித்துவிட்டு வந்தேன்.

சண்முகசுந்தரம் அண்ணனிடமும் சொல்லிவிட்டேன். அவர், ஆவடி குவார்ட்டர்ஸில் பொங்கலுக்கு அடுத்த நாள் இதே நாடகத்தைப் போடக் கூப்பிட்டிருக்கிறார்கள், இப்போது எதைப் போடுவது என்று கேட்டார். உள்ளபடி போடலாம் என்றேன். கஞ்சித் தூக்கு மறுபடி சின்னப் பெண்ணிடம் போய்விட்டது. அவர் தம்பி மகள் ஒன்பது வயது, நன்றாகச் செய்கிறாள். உன் அளவுக்கு அழுமூஞ்சி இல்லை.

மூன்றாம் காட்சியில் ஒரு பெட்டிக்கடை வைக்கச் சொல்லியிருக்கிறேன். அதற்குப் பின்னால் நிற்கிற பெண்ணாக நான்தான் வருகிறேன். இருபத்தேழு வயதில் தாவணியும் ரெட்டைப் பின்னலும் என்று உன் மாமா சிரிக்கிறார். சிரிக்கட்டும். வேறு யாரையும் அங்கே நிறுத்த எனக்கு மனசு வரவில்லை.

அதனால் அம்மா வேஷத்துக்கு ஆள் இல்லை. இதை எழுதுவதற்கு எனக்கு எவ்வளவு கஷ்டமாக இருக்கிறது என்று உனக்குத் தெரியும். அந்தக் கூடையைத் தலையில் வைத்து முந்நூறு பேர் முன்னால் நடந்தது என் வாழ்க்கையிலேயே நல்ல நாள். அதை வேறு ஒருத்திக்குக் கொடுக்கச் சொன்னால் கொடுக்கமாட்டேன். உனக்குக் கொடுக்கவும் வயிறு எரிகிறது. எரிந்தாலும் கொடுக்கிறேன். மாப்பிள்ளையிடம் சொல்லிப் பத்து நாள் லீவு போடச் சொல். இட்டார்சியில் வண்டி மாறும்போது ஜாக்கிரதை. உன் வசனம் உனக்கே தெரியும், ஒத்திகை நாலு நாள் போதும்.

இன்னொன்று கேட்கிறேன், மாட்டேன் என்று ஒரு வரியில் எழுதிவிடாதே. பள்ளிக்கூடம் வந்ததும் சாலையைக் கடந்து வெயில் பக்கம் போகவேண்டும் என்று நீ எழுதியிருக்கிறாய். மேடையில் நீ அந்தப் பக்கம் போகாதே. நேராக வா. நான் கடைக்குப் பின்னாலிருந்து வெளியே வந்து உன் தலையிலிருந்து கூடையை வாங்கிக்கொள்கிறேன். அப்படி நடக்கவில்லை என்று உனக்கும் தெரியும், அம்மாவுக்கும் தெரியும், முன்வரிசையில் உட்கார்ந்து பார்க்கப்போகிறவளே அவள்தான். மற்றதெல்லாம் உன் கதை, நீ எழுதியபடியே இருக்கட்டும். இந்த ஒரு பொய்யை மட்டும் எனக்கு விட்டுக்கொடு.

நீயும் மாப்பிள்ளையும் நோய்நொடி இல்லாமல், குறை ஒன்றும் இல்லாமல் இருக்க அம்மாவும் நானும் வேண்டிக்கொள்கிறோம். எந்த ரயில் என்று எழுது. ஸ்டேஷனுக்கு நான் வருகிறேன்.

உன் வரவை எதிர்பார்க்கும்,
அக்கா.